வைக்காத போன்

என் கணவரைப் பத்திரிகைகள் மந்திரவாதி என்று எழுதுகின்றன. ஒரு நாட்டில் பணத்தை உள்ளே போட்டு இன்னொரு நாட்டில் வெளியே எடுப்பார், நடுவில் அது எந்த வழியாகப் போனது என்று யாருக்கும் பிடிபடாது. அதனால் அந்தப் பட்டம். வீட்டில் அவருக்கு ஒரு வித்தையும் வராது. ஜாமீனில் வந்து, காலில் கறுப்புக் கண்காணிப்புப் பட்டையோடு, நீதிமன்றத்துக்குத் தவிர வாசல் தாண்டாமல் இருக்க வேண்டும் என்று உத்தரவான பிறகுதான், நம் வீட்டில் கரண்டி எங்கே இருக்கும் என்று முதன்முதலாகக் கேட்டார்.

கல்யாணமான நாள் முதல் அவர் குடித்தனம் நடத்தியது விமானத்தில். இப்போது திடீரென்று நாள் முழுக்க வீட்டில் மனிதர். சும்மா இருக்க முடியுமா? ஃப்ரிட்ஜைச் சீரமைக்கிறேன் என்று முட்டையை மேல்தட்டுக்கு ஏற்றி, பாலுக்கு என்னைப் பொறுப்பாளராக நியமித்தார். துணி துவைக்கும் மெஷின் பாதிக் கொள்ளளவில்தான் ஓடுகிறது என்று கவலைப்பட்டார். எனக்கு எரிச்சல் வரவில்லை. பாதி வாழ்க்கையை வழியனுப்புவதிலேயே கழித்தவளுக்கு, குறுக்கும் நெடுக்கும் நடக்கிற கணவன் கொஞ்சம் புதுமையாகவே இருந்தது.

வழக்கு இதுதான். அவருடைய வங்கிகளில் ஒன்று படுத்துவிட்டது. படுப்பதற்கு முந்தைய வெள்ளிக்கிழமை, இயக்குநர்கள் தங்கள் பணத்தையும் வேண்டியவர்கள் பணத்தையும் சத்தமில்லாமல் எடுத்துக்கொண்டார்கள். திங்கட்கிழமை மற்றவர்களுக்குக் கதவைச் சாத்தினார்கள். முழுகப்போவது முன்பே தெரியுமா என்று விசாரணை அதிகாரி கேட்டார். மற்றவர்கள் தெரியாது என்றார்கள். என் கணவர் இன்னும் கெட்டிக்காரர், நினைவில்லை என்றார். எதைக் கேட்டாலும் நினைவில்லைதான். பிறந்த தேதியைக் கேட்டதற்குக்கூட வக்கீலின் முகத்தைப் பார்த்தாராம்.

அவருக்கு நினைவிருக்கிறது என்று எனக்குத் தெரியும். நானே காதால் கேட்டேன்.

எந்த ஊரில் இருந்தாலும், கூட்டத்துக்கு உட்காரும் முன் எனக்குப் போன் செய்வார். சாப்பிட்டாயா, பெண் பள்ளிக்கூடம் போனாளா என்பார். அதற்குள் யாராவது கூப்பிடுவார்கள். போனை வைக்காமலே மேசையில் போட்டுவிட்டு எழுந்து போய்விடுவார். நானும் வைக்க மாட்டேன். அந்தப் பக்கத்துப் பேச்சும் இருமலும் நாற்காலி இழுபடுவதும் கேட்டுக்கொண்டிருந்தால், ஆள் பக்கத்து அறையில் இருப்பதுபோல ஒரு நினைப்பு. போனை ஜன்னல் ஓரத்தில் சாய்த்துவிட்டுத் துணி மடிப்பேன். வட்டி, பங்கு, கடன் பத்திரம் என்று என்னென்னவோ ஓடும். நான் ஒழுகுகிற குழாயைத் திட்டிக்கொண்டு என் பாட்டில் இருப்பேன்.

அந்த வெள்ளிக்கிழமையும் போன் அப்படித்தான் இருந்தது. திங்கட்கிழமைக்குள் வெளியே தெரிந்துவிடும், இன்றைக்கே எடுத்துவிடலாம் என்று ஒருவர் சொன்னார். டெபாசிட் போட்ட ஜனங்களை என்ன செய்வது என்று இன்னொருவர் கேட்டார்.

"அவங்களுக்கு அழகா ஒரு வருத்தம் தெரிவிச்சுடுவோம்" என்றது என் கணவரின் குரல். எல்லோரும் சிரித்தார்கள். அவரும் சிரித்தார். அந்தச் சிரிப்பைக் கூட்டத்தில் தனியாகப் பிரித்தெடுக்க எனக்குத் தெரியாதா?

எங்கள் பெண்ணுக்குப் பியானோ சொல்லிக்கொடுக்கிற டீச்சர், இருந்த சேமிப்பையெல்லாம் அந்த வங்கியில்தான் போட்டிருந்தார். இந்த வீட்டுக்குள் வந்துபோகிறோமே என்ற தைரியம்தான். கதவு சாத்திய வாரமும் வழக்கம்போல் வந்தார், பாடம் நடத்தினார். போகும்போது, அடுத்த மாதச் சம்பளத்தை முன்கூட்டித் தர முடியுமா என்று மட்டும் கேட்டார். கொடுத்தேன். அவர் முகத்தைப் பார்க்க எனக்குத் தெம்பில்லை. நான் வாயைத் திறந்தால் என் பெண்ணின் அப்பா ஜெயிலுக்குப் போவார். திறக்காவிட்டால் இந்த அம்மாள் இப்படியே வந்துபோய்க்கொண்டிருப்பார். இதை நெஞ்சில் வைத்துக்கொண்டு நான் துணி மடித்துக்கொண்டிருந்தேன்.

என்னிடம் யாரும் எதுவும் கேட்கவில்லை என்பதுதான் வேடிக்கை. வக்கீல் மட்டும் ஒருமுறை, தொழில் விஷயம் ஏதாவது உங்களுக்குத் தெரியுமா அம்மா என்று விசாரித்தார். எனக்கென்ன தெரியும் என்றேன். அந்தப் பதிலில் அவருக்கு அப்படி ஒரு திருப்தி. அவர் மிக உயர்ந்த வக்கீல். அவர் வணக்கம் சொன்னால்கூட அதற்கும் பில் வரும் என்று என் கணவரே சொல்லியிருக்கிறார்.

அந்த மகானுபாவர் ஒருநாள் வரவேற்பறையில் உட்கார்ந்து ஒரு யோசனை சொன்னார். நாங்கள் விவாகரத்து செய்துகொள்ள வேண்டும். அப்படிச் செய்தால் வீடும் என் பேரில் இருக்கும் மற்ற சொத்துகளும் எனக்கே ஜீவனாம்சமாக நிற்கும், அரசாங்கம் தொட முடியாது. எல்லாம் பேப்பரில் மட்டும்தான், சாப்பாடு எப்போதும்போல் ஒரே மேசையில் என்றார். என் கணவர் ஜன்னலைப் பார்த்துக்கொண்டு சரி என்றார். விமான டிக்கெட்டை ரத்து செய்யும்போதுகூட அவர் இன்னும் கொஞ்சம் யோசிப்பார். எனக்குச் சுருக்கென்றது. ஆனாலும் நானும் சரி என்றேன். சண்டை போட்டுப் பழகாத வீட்டில் எல்லாவற்றுக்கும் சரிதான்.

நீதிமன்றத்தில் நம்பும்படியாகக் குறைகள் சொல்ல வேண்டுமே, அதற்கு ஒத்திகை வைத்தார் வக்கீல். அவர் எழுதிவந்த குறைகள் ஒன்றும் சரியில்லை. கணவர் கடுஞ்சொல் பேசினார் என்று இருந்தது. கடுஞ்சொல் பேசுகிற அளவுக்கு அவர் எங்கே வீட்டில் இருந்தார்? நானே சொந்தமாகச் சொல்கிறேன் என்று ஆரம்பித்தேன். பெண் பிறந்தபோது வேறு கண்டத்தில் இருந்தது, என் பிறந்தநாளுக்கு அவருடைய உதவியாளர் வாழ்த்து அனுப்பியது, அதில் என் வயதைக் கூட்டிப் போட்டது. சொல்லச் சொல்ல வந்துகொண்டே இருந்தது. வக்கீல் பிரமாதம், பிரமாதம் என்று தலையாட்டினார். என் கணவர் அன்று ராத்திரி சரியாகச் சாப்பிடவில்லை.

குடும்ப நீதிமன்றத்தில் நீதிபதியிடம் போவதற்கு முன் ஓர் ஆலோசகர் அம்மாளைப் பார்க்க வேண்டும் என்பது விதி. சின்ன அறை. ஒரு மேசை, நான்கு நாற்காலி, பேசாத கடிகாரம் ஒன்று. தம்பதியைத் தவிர மற்றவர்கள் வாசலில் நிற்க வேண்டும் என்று பலகை மாட்டியிருந்தது. எங்கள் வக்கீல் வாசலுக்கு உள்பக்கமாக நின்றார்.

எது உங்களை அதிகமாகப் புண்படுத்தியது என்று அந்த அம்மாள் என்னைக் கேட்டார். ஒத்திகையில் சொன்னதையெல்லாம் சொல்லியிருக்கலாம். ஏனோ சொல்லாத ஒன்று வாயில் வந்தது.

"எனக்குப் போன் பண்ணுவார். பேசிக்கிட்டிருக்கும்போதே யாராவது கூப்பிட்டா அப்படியே போட்டுட்டுப் போயிடுவார். வைக்கிறேன்னு ஒரு வார்த்தை கிடையாது. நான் ஒருத்தி இந்தப் பக்கம் இருக்கேங்கிறதே மறந்துபோகும்."

ஆலோசகர் என் கணவர் பக்கம் திரும்பினார். நினைவில்லை என்றுதான் சொல்லப் போகிறார் என்று நினைத்தேன்.

"மறக்கலைங்க" என்றார். "வேணும்னுதான் வைக்காம விட்டேன். முதல் தடவை மறந்துபோச்சு, உண்மைதான். திரும்பி வந்து எடுத்தா லைன் இருந்துச்சு. இவ யாரையோ திட்டிக்கிட்டிருந்தா. யாருன்னு பார்த்தா குழாயை. அந்த அறையில எல்லாரும் காசைத் தவிர வேற எதுவும் பேசமாட்டாங்க. இவ சத்தம் மேசையில இருந்தா எனக்கு நிம்மதியா இருக்கும். அதுக்கப்புறம் எந்தக் கூட்டத்துலயும் நான் போனை வெச்சதே கிடையாது."

நான் அவரையே பார்த்தேன். இத்தனை வருஷமாக நான் ஒருத்தி மட்டும் ஒட்டுக் கேட்டுக்கொண்டிருந்ததாக நினைத்திருந்தேன். இரண்டு பக்கமும் அதே வேலையைத்தான் பார்த்திருக்கிறோம். எனக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தது.

வாசல் பக்கத்திலிருந்து ஓர் இருமல். வக்கீல் வெளுத்துப் போயிருந்தார். எந்தக் கூட்டத்திலும் வைத்ததில்லை என்பதை அவர் மனத்துக்குள் கணக்குப் போட்டுவிட்டார்.

"அம்மா, அப்ப நீங்க எல்லாத்தையும் கேட்டீங்களா?"

"கேட்டேன்."

அதற்கப்புறம் அவர் வேகத்தைப் பார்க்க வேண்டுமே! கல்யாணம் எவ்வளவு புனிதமானது, குழந்தைக்கு அப்பா அம்மா எவ்வளவு முக்கியம் என்று ஆலோசகருக்கே ஆலோசனை சொன்னார். மனுவைத் திரும்பப் பெறுகிறோம் என்று எங்கள் இருவரையும் ஏறக்குறைய தள்ளிக்கொண்டு வெளியே வந்தார். நடைபாதை பெஞ்சில் உட்கார வைத்து மூச்சு வாங்க விளக்கினார். கணவனுக்கு எதிராகச் சாட்சி சொல்லும்படி மனைவியை யாரும் கட்டாயப்படுத்த முடியாது. விவாகரத்தாகிவிட்டால் அந்தப் பாதுகாப்பு போய்விடும். வீடு போனால் போகட்டும், நீங்கள் மனைவியாகவே இருங்கள் அம்மா, உங்களை ஒருவரும் கூண்டில் ஏற்ற முடியாது என்றார். மனுவை வாபஸ் வாங்க ஓடினார்.

நாங்கள் இருவரும் பெஞ்சில் மிஞ்சினோம். எதிரே ஒரு தண்ணீர் மெஷின் முனகிக்கொண்டிருந்தது. என் மனத்தில் ஒரே ஒரு கேள்விதான் இருந்தது. அதைக் கேட்காமல் அவரோடு வீட்டுக்குப் போக எனக்கு இஷ்டமில்லை.

"நான் லைன்ல இருக்கேன்னு தெரிஞ்சுமா அந்த வெள்ளிக்கிழமை அப்படிப் பேசினீங்க?"

அவர் குனிந்து கால் பட்டையைத் திருகினார்.

"பேசினதுக்கப்புறம்தான் ஞாபகம் வந்துச்சு. வீட்டுக்கு வந்தா நீ சட்டையைப் பிடிப்பேன்னு நினைச்சேன். பிடிச்சிருந்தா திங்கட்கிழமைக்குள்ள எல்லாத்தையும் திருப்பி வெச்சிருப்பேனோ என்னவோ. நீ சாப்பிட்டீங்களான்னு கேட்டே."

பழியை நைசாக என் தலையில் கட்டுகிறாரா என்று ஒரு கணம் கோபம் வந்தது. மந்திரவாதி ஆயிற்றே. ஆனால் அவர் என்னைப் பார்க்கவில்லை, தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். கண் கலங்கியிருந்தது. செய்தது அவர்தான், அதில் எனக்குச் சந்தேகமில்லை. ஆனால் அன்று சாப்பாடு பரிமாறியது நான். அது எனக்கு வலித்தது.

"மனைவியை யாரும் கட்டாயப்படுத்த முடியாதுன்னுதானே வக்கீல் சொன்னார்? தானா போய்ச் சொல்லக் கூடாதுன்னு சொல்லலையே" என்றேன்.

அவர் நிமிர்ந்து பார்த்தார். பயம் முகத்தில் அப்பட்டமாகத் தெரிந்தது. வேண்டாம் என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் என்ன செய்திருப்பேன் என்று எனக்கு இன்றுவரை தெரியாது.

"சிரிச்சதையும் சொல்லுவியா?"

"சொல்லாம?"

அவர் சரியென்று தலையை ஆட்டினார். நான் எழுந்து புடவையைச் சரிசெய்துகொண்டு, அவரை விசாரித்த அதிகாரியின் அறையும் இதே கட்டடத்தில்தானே, எங்கே இருக்கிறது என்று கேட்டேன்.

"மூணாவது மாடி. லிஃப்ட் வேலை செய்யாது" என்றார். பிறகு, நான் ஒருத்தியாகப் படியேறுவதைக் கொஞ்ச நேரம் பார்த்திருந்துவிட்டு, அவரும் பின்னாலேயே ஏறி வந்தார்.