ஆர்தர் தண்ணீர் ஊற்றிய கொடி

திகாம் பத்து என்ற மலாய் ஊருக்குப் பக்கத்து ரப்பர் தோட்டத்தில், தொழிலாளர்கள் குடியிருந்த லயங்களைச் சுற்றித் தேடிச்செடிகள் ஒரு குடும்பமாக வளர்ந்தன. அவற்றில் மரம் உண்டு, புதர் உண்டு, கொடியும் உண்டு. முதன்முதலில் தண்ணீர் ஊற்றியவர் எங்கே போனாலும் அந்தத் திசையில் சாய்ந்து நிற்பது அவற்றின் குணம்.

கேதரினின் கணவன் ஆர்தரை ஜப்பான்காரர்கள் சயாம் ரயில் பாதை வேலைக்குப் பிடித்துப் போனதிலிருந்து, அவன் பால் டின்னில் வளர்த்த கொடி வடக்கே சாய்ந்திருந்தது. ஒரு காலையில் அது மேற்கே, கடல் பக்கம் திரும்பியிருந்தது. அவள் கஞ்சியை அப்படியே வைத்துவிட்டு, டின்னைத் தூக்கிக்கொண்டு வாசலுக்கு வந்தாள்.

"காத்துல சாஞ்சிருக்கும் லா. பேசாம இரு," என்றாள் பக்கத்து வீட்டுப் புஷ்பவள்ளி.

"காத்தே இல்லையே அக்கா. என்னால இங்க உக்கார முடியல."

டின்னை இடுப்பில் வைத்துக்கொண்டு, கொடி காட்டிய வழியே நடந்தாள். ஜப்பான்காரர்களின் லோரிச் சத்தம் கேட்டபோதெல்லாம் ரப்பர் மரங்களுக்குள் ஒளிந்தாள். கடலோர ஊரான கோத்தா கோலா மூடாவில், ஒரு மலாய் மீனவரின் படகுக் கொட்டகை முன்னால் கொடி துடித்தது. சயாமிலிருந்து தப்பிப் படகில் வந்திருந்த ஆர்தர் உள்ளே காய்ச்சலில் கிடந்தான்.

"வீட்டுக்கு மட்டும் வேணாம், கேதரின். தேடி வருவானுங்க."

"வீட்டுக்கு யார் போறா? நான் இங்கேயே இருக்கேன்."

வெளியே கேட்ட ஒவ்வொரு காலடிக்கும் இருவரும் மூச்சை அடக்கினார்கள். காய்ச்சல் இறங்கியதும் மீனவர் அவர்களைப் படகில் ஏற்றி, யான் என்ற ஊரின் கரையில் கொண்டுபோய் விட்டார். போர் முடியும்வரை அங்கே வயல் வேலை செய்தார்கள். ஆர்தர் கதவோரம்தான் படுப்பான். கேதரின் அவன் சட்டை நுனியைப் பிடித்துக்கொண்டே தூங்குவாள்.