காலி ஸ்டேஷன்

கார் செட் மாட்டுகிற தொழிலில் சுபுஹானுக்குப் பெயர் வாங்கித் தந்ததே இரைச்சலை ஒழிக்கிற வேலைதான். கள்ளக்குறிச்சியில், கச்சிராயபாளையம் ரோட்டில் இருக்கும் அவன் கடைக்கு வருகிறவர்களில் பாதிப் பேர் வேறு எங்கோ செட் மாட்டிவிட்டு, "பாட்டோட சேத்து உய்யுனு ஒரு சத்தம் வருது பாய்" என்று புலம்பிக்கொண்டு வருகிறவர்கள். அவன் எர்த் பிடித்த இடத்தைச் சுரண்டிப் புதிதாக முறுக்குவான், ஒயரை இன்ஜின் பக்கத்திலிருந்து விலக்கிக் கட்டுவான். சத்தம் போன இடம் தெரியாது. அப்படிப்பட்டவனிடம்தான் மே மாதக் கடைசியில் ஒரு டீச்சர் வந்து இரைச்சல் வேண்டும் என்று கேட்டார்.

அவர் பெயர் மலர்விழி. ஊர் தியாகதுருகம். அரசுப் பள்ளியில் கணக்குப் பாடம் எடுக்கிறார். பார்வை முழுக்கப் போய்ப் பத்து வருஷத்துக்கு மேல் ஆகிறது. கணவர் சரத்குமார் கரும்பு விவசாயி, அதிகம் பேசாத ஆள். அவர்தான் அந்தப் பழைய வெள்ளைக் காரை ஓட்டிக்கொண்டு வந்திருந்தார். காரோடு கூடவே வந்த கம்பெனி செட், முன்கண்ணாடி ரப்பர் வழியாக இறங்கிய மழைத் தண்ணீரில் போன ஐப்பசியிலேயே செத்துவிட்டது. கழற்றிவிட்டு வேறு மாட்ட வேண்டும் என்றார்கள். சுபுஹானுக்கு இதெல்லாம் தண்ணீர் பட்ட பாடு.

ஆனால் செட்டை உருவிப் பார்த்ததும் அவனுக்குச் சப்பென்று ஆகிவிட்டது. இடையில் எவனோ ஒருவன் கை வைத்திருக்கிறான். ஒயர்களை இணைக்கிற கம்பெனி கப்ளரை வெட்டி எறிந்துவிட்டு, எல்லா ஒயரையும் இஷ்டத்துக்கு முறுக்கி, எல்லாவற்றுக்கும் ஒரே கறுப்பு டேப்பைச் சுற்றி வைத்திருந்தான். எது பேட்டரியிலிருந்து நேராக வருகிறது, எது சாவி போட்டால் மட்டும் உயிர் பெறுகிறது, எது ஸ்பீக்கருக்குப் போகிறது என்று கலரை வைத்துச் சொல்ல வழியில்லை. சுபுஹான் டெஸ்ட் லைட்டை எடுத்துக்கொண்டு டேஷ்போர்டுக்கு அடியில் மல்லாந்து படுத்தான். ஒவ்வொரு முனையாகத் தொட்டுப் பார்த்தான். சாவியைப் போடச் சொன்னான், எடுக்கச் சொன்னான். டேப்பெல்லாம் உரித்து, ஒயர்களுக்குப் புது கப்ளர் போட்டு, நல்ல புது செட் ஒன்றை மாட்டி முடிக்கையில் சட்டை நனைந்து முதுகோடு ஒட்டியிருந்தது. பாட்டு கணீரென்று வந்தது.

முன் சீட்டில் உட்கார்ந்திருந்த மலர்விழி கையை நீட்டிப் பொத்தானைத் தேடினார். ஸ்டேஷனை நகர்த்தினார். பாட்டு நின்றது. இன்னும் நகர்த்தினார். ஒரே அமைதி.

"இன்னா பாய், சத்தமே இல்ல?"

"அங்க ஸ்டேஷன் இல்லீங்க டீச்சர். ஸ்டேஷன் இல்லாத எடத்துல புது செட்டெல்லாம் தானா வாய மூடிக்கும். நல்ல செட்டுனா அப்பிடித்தான்."

"எனக்கு வாய மூடாத செட்டு வேணும். ஸ்டேஷன் இல்லாத எடத்துல ஸ்ஸுனு இரையும்ல, அது எனக்குக் கேக்கணும்."

சுபுஹான் சரத்குமாரைப் பார்த்தான். அவர் ரோட்டில் போகிற பஸ்ஸைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"அந்த இரைச்சல வச்சுகினு இன்னா டீச்சர் பண்ணப் போறீங்க?"

மலர்விழி சிரித்தார். "நட்சத்திரம் விழுறதக் கேக்கப் போறேன்."

பிறகு, பழகிப்போன கணக்கை விளக்குவது போலப் பதறாமல் சொன்னார். வானத்திலிருந்து விழுகிற கல் எரிந்துகொண்டு வரும்போது, அது போகிற வழியில் காற்று கொஞ்ச நேரத்துக்குக் கண்ணாடி மாதிரி ஆகிவிடும். எங்கோ ஆயிரம் கிலோமீட்டருக்கு அந்தப் பக்கம் இருக்கிற ஸ்டேஷன், சாதாரணமாக இங்கே எட்டாதது, அந்தக் கண்ணாடியில் பட்டு இங்கே தெறிக்கும். கல் அணைந்ததும் சத்தமும் அணைந்துவிடும். ஜூன் மாதத் தொடக்கத்தில் வருஷா வருஷம் ஒரு கூட்டம் விழுகிறது. காலை நேரத்தில், சூரியன் இருக்கிற பக்கத்திலிருந்தே வருவதால் யார் கண்ணுக்கும் தெரியாது.

"எனக்கு மொதல்ல போனது ராத்திரிதான் பாய். பத்தாவது படிக்கிறப்போ எல்லாரும் நட்சத்திரத்தக் காட்டுவாங்க, எனக்கு வெறும் இருட்டா இருக்கும். பகல் அப்புறமா, கொஞ்சம் கொஞ்சமாத்தான் போச்சு. இந்தக் கூட்டத்த மட்டும் உங்களாலயும் பாக்க முடியாது, என்னாலயும் பாக்க முடியாது. கேக்கத்தான் முடியும்."

சுபுஹானுக்கு நம்பிக்கை வரவில்லை. ஆனால் மாட்டிய செட்டைக் கழற்றினான். ஒரு டீச்சர் இவ்வளவு தெளிவாகச் சொல்லும்போது, போங்கம்மா என்று அனுப்ப அவனுக்கு வாய் வரவில்லை.

அப்துல் ஜலீலின் காயலான் கடையில், உடைத்துப் போட்ட கார்களிலிருந்து எடுத்த செட்டுகள் ஒரு தகர டிரம் நிறையக் கிடக்கும். அதைக் கவிழ்த்துக் கிளறி, குமிழைத் திருகி முள்ளை நகர்த்துகிற செட் ஒன்றைத் தேடி எடுத்தான். "இத்தப் போய் யார் மாட்டிக்கறாங்க?" என்று ஜலீல் சிரித்தார். மாட்டிப் பார்த்தால் ஸ்டேஷனுக்கு ஸ்டேஷன் நடுவே தாராளமாக இரைந்தது. கூடவே, இன்ஜினை முடுக்க முடுக்கக் கொசு மாதிரி ஒரு ரீங்காரமும் எழுந்தது. இந்த இரண்டாவது சத்தம் டீச்சருக்கு வேண்டாம். பாடியில் பெயின்டைச் சுரண்டிச் செட்டுக்கென்று தனி எர்த் கொடுத்தான். கூரையில் துருப்பிடித்துக் கிடந்த ஆன்டெனாவின் அடியைக் கழற்றி, உப்புத்தாள் போட்டுத் தேய்த்து, திரும்ப முறுக்கினான். ரீங்காரம் அடங்கியது. இரைச்சல் மட்டும் மிச்சமிருந்தது, இரும்புச் சட்டியில் எண்ணெய் காய்கிற மாதிரி.

ஆனால் கடை ரோட்டில் வெல்டிங் பட்டறை, டிரான்ஸ்பார்மர், ஓயாமல் பைக்குகள். அந்த இரைச்சலில் எல்லாம் வந்து விழுந்தது.

"மலைக்குப் போயிடலாம்," என்றார் மலர்விழி. "நீங்களும் வாங்க பாய். ஒண்ணும் கேக்கலைனா செட்டுல கோளாறா, நான் நெனச்சதுல கோளாறானு எங்களுக்குத் தெரியாது. உங்களுக்குத்தான் தெரியும்."

ஜூன் முதல் வாரத்தில் ஒரு நாள், விடிந்ததும் கிளம்பினார்கள். கோமுகி அணையைத் தாண்டி மலை ஏறத் தொடங்கியதும் காற்று மாறியது. சுபுஹான் பின் சீட்டில், கருவிப் பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். அந்த ரோட்டில் அவன் எத்தனையோ முறை போயிருக்கிறான், அருவிக்கு, கல்யாணத்துக்கு. இப்படியொரு வேலைக்குப் போவது இதுதான் முதல் தடவை. இன்று ஒன்றும் கேட்காவிட்டால் இந்த அம்மா முகத்தை எப்படிப் பார்ப்பது என்ற கவலை அவனுக்கு இருந்தது.

வெள்ளிமலை தாண்டி, கரண்டு கம்பி இல்லாத இடமாகப் பார்த்து, மரவள்ளித் தோட்டத்தை ஒட்டிச் சரத்குமார் வண்டியை நிறுத்தினார். இன்ஜினை அணைத்தார். மலர்விழி குமிழைத் திருகினார். மேலே வந்ததால் கீழே கிடைக்காத ஸ்டேஷன்களெல்லாம் வரிசையாக வந்தன. அவற்றையெல்லாம் தள்ளிக்கொண்டே போய், ஒன்றுமே இல்லாத ஒரு காலி இடத்தில் கையை எடுத்தார்.

இரைந்தது. இரைந்துகொண்டே இருந்தது. ஒரு பஸ் கடந்து போனது. சரத்குமார் இறங்கிப் போய் ஒரு கல்லின் மேல் உட்கார்ந்தார்.

"டிக்."

யாரோ நகத்தால் சுண்டியது போல, ஒரு சின்னச் சத்தம்.

பின் சீட்டிலிருந்து இறங்கி டிரைவர் சீட்டுக்கு வந்த சுபுஹானின் கை தானாக டேஷ்போர்டுக்கு அடியில் போயிற்று. "லூஸ் காண்டாக்ட்டு டீச்சர். ஒரு நிமிஷம்." ஒயரைப் பிடித்து ஆட்டினான். ஒன்றும் இல்லை. கப்ளரை அழுத்தினான். ஆன்டெனா பின்னைத் திருகினான். எதற்கும் சத்தம் வரவில்லை. கையை வெளியே எடுத்த பிறகு, ஒருவரும் எதையும் தொடாதபோது, இரைச்சலைக் கிழித்துக்கொண்டு வயலின் மாதிரி எதுவோ ஒரு இழுப்பு இழுத்துவிட்டு அறுந்தது.

மலர்விழி அவன் பக்கம் திரும்பினார். "கேட்டீங்களா?"

"கேட்டுச்சு," என்றான் சுபுஹான். ஆனாலும் தொழில் புத்தி விடவில்லை. போனட்டைத் திறந்து பேட்டரி முனையைத் தொட்டுப் பார்த்தான். கூரையில் ஆன்டெனாவை ஆட்டிப் பார்த்தான். அவன் கை படும்போதெல்லாம் செட் சும்மா இருந்தது. கையை எடுத்தபோது, அதுவாக நினைத்துக்கொண்டபோது, டிக்கென்றது, ஒரு சொல்லின் பாதியைச் சொன்னது, ஒரு மத்தளத்தை ஒரே அடி அடித்தது. அவன் மாட்டிய செட்டில் ஒரு கோளாறும் இல்லை. அதில் அவனுக்கு இனிச் சந்தேகமே இல்லை. கோளாறு இல்லையென்றால், இந்தச் சத்தம் வருவது மேலேயிருந்து.

கதவைத் திறந்து வைத்து, ரோட்டோரப் புல்லில் உட்கார்ந்தான்.

கொஞ்ச நேரம் கழித்து அது வந்தது. இரைச்சல் மொத்தமும் ஒரு பக்கமாக ஒதுங்கி வழி விட்டது போல விலக, ஒரு பெண் குரல் கார் முழுக்க நிறைந்தது. பக்கத்துச் சீட்டில் உட்கார்ந்து பேசுகிற மாதிரி தெளிவு. அவசரமில்லாமல், நல்ல இந்தியில் ஏதோ வாசித்துக்கொண்டு போனாள். ஒரு முழு வாக்கியம், இன்னொன்றின் தொடக்கம். பிறகு அந்தக் குரல் தூரத்தில் நடந்து போவது போல மெலிந்து, நடுங்கி, இரைச்சலுக்குள் முங்கிவிட்டது.

"இந்தி," என்றார் மலர்விழி. "இன்னா சொன்னாங்க? எனக்கு ஒண்ணும் புரியல."

சுபுஹான் வீட்டில் உருது பேசுகிறவன். அவனுக்குப் புரிந்திருந்தது.

"பாரிஷ்னாங்க டீச்சர். மழை. அவங்க ஊர்ல விடியக்காலத்துலேர்ந்து மழை பெய்யுதாம். இன்னும் ரெண்டு நாளைக்கு..." அவன் நிறுத்தினான். "அதுக்குள்ள கல்லு அணைஞ்சு போச்சு."

எங்கோ ஒரு ஊரில் மழை. அதைச் சொல்கிற குரல் அவளுக்கே தெரியாமல் மேலே போய், எரிகிற ஒரு கல்லின் தடத்தில் பட்டு, கல்வராயன் மலையில் மரவள்ளித் தோட்டத்து ஓரத்தில் வந்து விழுகிறது. சுபுஹான் தலையை நிமிர்த்தி வானத்தைப் பார்த்தான். வெயில் ஏறிய, ஒன்றுமே இல்லாத நீலம். தினமும் கடையைத் திறக்கும்போது பார்க்கிற அதே வானம். அது சும்மா இருக்கிறது என்றுதான் இத்தனை நாளும் நினைத்துக்கொண்டிருந்தான்.

"சுப்ஹானல்லாஹ்," என்று சொன்னான், மெதுவாக.

தோட்டத்து வழியாக விறகுக் கட்டோடு ஒரு பெரியவர் வந்தார். அந்தப் பக்கத்து ஆள், முனியன் என்று பெயர் சொன்னார். நின்ற காரையும் இரைகிற செட்டையும், பேசாமல் இருக்கிற மூன்று பேரையும் மாறி மாறிப் பார்த்தார்.

"வண்டி ரிப்பேருங்களா?"

"இல்லீங்க," என்றார் சரத்குமார். அவர் கல்லை விட்டு எப்போது எழுந்து வந்து கார் கதவில் சாய்ந்தார் என்று யாரும் கவனிக்கவில்லை. "மேலேர்ந்து நட்சத்திரம் விழுது. அதக் கேட்டுகினு இருக்கோம்."

முனியன் சிரிக்கவில்லை. விறகை இறக்கி வைத்துவிட்டுக் காதைக் கொடுத்தார். டிக் என்றது. பிறகு இரண்டு சேர்ந்தாற்போல.

"ராத்திரில விழுறதப் பாத்துருக்கேன். பகல்லயுமா விழுது?"

"பகல்லயுந்தாங்க," என்றார் மலர்விழி. "எப்பவுமே விழுந்துகினுதான் இருக்கு. இந்த மாசத்துல ஜாஸ்தி."

"தோட்டத்துல வந்து விழுமா?"

"இல்லீங்க. கீழ வர்றதுக்குள்ள எரிஞ்சு போயிடும்."

அவர் நெற்றிக்குக் கையை மறைப்பாக வைத்து வெகுநேரம் அண்ணாந்து பார்த்தார். ஒன்றும் தெரியவில்லை. அப்புறம் கையை இறக்கி, கண்ணை மூடிக்கொண்டு நின்றார். மூடினால் நன்றாகக் கேட்கும் என்று அவருக்கு யாரும் சொல்லவில்லை. சுபுஹானும் மூடிப் பார்த்தான். சரத்குமார் மூடியிருந்தார். அந்த ரோட்டில் கண் திறந்தவர் ஒருவரும் இல்லாமல், நான்கு பேரும் ஒரே மாதிரி கேட்டுக்கொண்டிருந்தார்கள்.

பொழுது ஏற ஏறச் சத்தம் குறைந்தது. "பசிக்குதுங்க, போலாமா?" என்று மலர்விழிதான் முதலில் கேட்டார்.

"இருடி மலரு," என்றார் சரத்குமார். "இன்னும் ஒண்ணு வரட்டும்."

சுபுஹான் போனை எடுத்துப் பார்த்தான். ஒரே ஒரு கோடு சிக்னல் இருந்தது. மனைவி மஹ்ஜபீனுக்குப் போட்டான். எடுத்ததும் ஒன்றும் சொல்லாமல் போனை ஸ்பீக்கருக்குப் பக்கத்தில் பிடித்தான்.

"இன்னாங்க இது, வெறும் இரைச்சலா இருக்கு? செட்டு சரியாவலயா?"

"வச்சிடாத," என்றான். "கொஞ்ச நேரம் ஒண்ணும் பேசாம கேளு."

அவள் வைக்கவில்லை. இரைச்சல் ஓடிக்கொண்டே இருந்தது. அடுத்தது எப்போது வரும் என்று அவனுக்குத் தெரியாது, யாருக்குமே தெரியாது. புல்லில் மண்டியிட்டு, போனை ஆடாமல் பிடித்துக்கொண்டு காத்திருந்தான். திடீரென்று எந்த ஊர் என்றே தெரியாத ஒரு ஸ்டேஷனிலிருந்து, ஒரு கூட்டம் ஆட்கள் வாய்விட்டுச் சிரிக்கிற சத்தம் மலைமேல் வந்து கொட்டிவிட்டு நின்றது.

போனுக்குள் மஹ்ஜபீன் சின்னக் குரலில், "யாருங்க அவங்க?" என்று கேட்டாள்.