தனிமைக்கு ஒரு தூக்குவாளி

தமிழ்மாறனின் குறும்படத்தில் கதையென்று எதுவும் கிடையாது. மாநகரத்தில் ஒரு பெண் நிற்கிறாள், ஒருவரும் அவளைக் கண்டுகொள்வதில்லை, அவ்வளவுதான். சென்னையில் படம் எடுக்கப் படிக்கும் அவனுக்கு அங்கே நடிக்க ஒருத்தியும் சிக்காததால், கம்பத்துக்கு வந்து சித்தப்பா மகள் சினேகாவைப் பிடித்தான்.

பள்ளிக்கூடத்தை விட்டதிலிருந்து வாசலைத் தாண்டாத சினேகா உடனே சம்மதித்தாள். ஊர் நடுவில் நிற்க வேண்டும், 'ஏன் படிப்ப விட்ட?' என்று யாரும் கேட்கக் கூடாது. அப்படிக் கொஞ்ச நேரம் கிடைத்தால் அவள் எந்தப் படத்திலும் நடிப்பாள்.

காலையில் அவளை ஜீப் ஸ்டாண்டில் நிறுத்தினான். சுடிதாருக்கு மேல் அவள் அப்பாவின் முழுக்கைச் சட்டை. அது அந்நியமாதலின் குறியீடாம். கையில் காலித் தூக்குவாளி. அது வெறுமை.

"யாரு என்ன சொன்னாலும் வாயத் தொறக்காத. மூஞ்சியில ஒண்ணும் தெரியக் கூடாது" என்றுவிட்டு, கேமராவோடு எதிர்மாடிக்கு ஏறினான்.

முதல் டேக்கில் வாழைக்காய் மண்டி அய்யாத்துரை வந்தார். "ஏத்தா, மலைச்சாமி மகதான? படிப்ப விட்டுட்டியாமே, ஏன்?"

இரண்டாவது டேக்கிலும் அவரேதான். "கேட்டேன்ல, பதிலையே காணோம்?"

மூன்றாவது டேக்கில் ஜீப்காரர் சீனிச்சாமி வந்தார். கேரளாவுக்கு ஏலக்காய்த் தோட்ட வேலைக்குப் போகும் பெண்களுக்கு இதே முழுக்கைச் சட்டைதான், இதே தூக்குவாளிதான். சென்னைக்குப் போனவன் அதை மறந்திருந்தான்.

"பராக்குப் பாத்தது போதும், ஏறு ஏறு!" என்று அவளை உள்ளே திணித்தார். வாயைத் திறக்கக் கூடாதே! சினேகா திறக்கவில்லை.

உள்ளே யார் முழங்கை யார் விலாவில் என்று தெரியாத நெரிசல்.

"யாருடி இவ, பேயறஞ்ச மாதிரி இருக்கா?"

"தூக்கக் கலக்கமா இருக்கும், விடுடி" என்றாள் பக்கத்திலிருந்த ராமுத்தாய். அதற்குப் பிறகு ஒருவரும் எதையும் கேட்கவில்லை. அவள் தோளில் ஒருத்தி சாய்ந்து தூங்கவும் ஆரம்பித்தாள்.

கூடலூரைத் தாண்டும்போது போன் அடித்தது.

"எங்கன இருக்க? எறங்கித் தொல! மாநகரத்துத் தனிமையில எவளாச்சும் ஜீப்புல ஏறுவாளா?"

"இங்கன யாருமே ஒண்ணும் கேக்கலண்ணே."

"சரி, அந்த வாளியவாவது பத்திரமா வச்சுக்க. காலியா இருக்கணும், அதான் படமே!"

சினேகா குனிந்து பார்த்தாள். வாளியை ஆட்டிப் பார்த்து முகம் சுளித்த ராமுத்தாய், தன் சோற்றில் பாதியை அதில் தள்ளி அதன்மேல் குழம்பு ஊற்றிக்கொண்டிருந்தாள்.

"அதுல கருவாட்டுக் கொழம்பு இருக்குண்ணே" என்றுவிட்டு, சினேகா போனை அணைத்தாள்.