ஜேபஸ் டஃபின் படுத்திருந்த அறை

ஜேபஸ் டஃபின் இறந்த மறுநாள் காலையில் போதகர் பென்ரோஸ் வந்தார். அடுக்களை நாற்காலியின் நுனியில் அமர்ந்தார். ஊற்றிக் கொடுத்த தேநீரைக் குடியாமலே கையில் வைத்துக்கொண்டிருந்தார். அதைக் கண்டதுமே, மனிதர் ஆறுதல் சொல்ல மட்டும் வரவில்லை என்பது ஜேபஸின் மனைவி ஹெஸ்டருக்கு விளங்கிவிட்டது.

"மிஸஸ் டஃபின், இதைச் சொல்ல எனக்கு வாயே வரலை," என்றார் அவர். "கல்லறைத் தோட்டத்து விதி உங்களுக்குத் தெரியும்."

"தெரியாம என்ன, போதகரய்யா? அதைக் கொண்டுவந்ததே அவர்தானே."

அது மெய்தான். ஹாலோவிக் தேவாலயத்தின் கல்லறைத் தோட்டத்தில் மிஞ்சியிருந்த இடம் சொற்பம். மூன்று ஆண்டுகளுக்கு முன் ஊர்க்கூட்டத்தில் ஜேபஸ் எழுந்து நின்று, இனிமேல் ஹாலோவிக் எல்லைக்குள் தலைசாய்த்து உயிர்விட்டவர்களுக்கே இங்கே இடம் உண்டு, பிறந்த ஊர், பாட்டன் ஊர் என்று உறவு கொண்டாடிக்கொண்டு எவரும் வரலாகாது என்று முழங்கினார். ஓடைக்கு அக்கரையில் இருந்த நெதர்லிக்காரர்களை மனத்தில் வைத்தே அவர் அப்படிப் பேசினார் என்பது எல்லாருக்கும் தெரியும். எல்லாக் கைகளும் உயர்ந்தன. அந்த விதியை எழுதிய மையின் ஈரம் காய்வதற்குள் நெதர்லியின் ஏமஸ் கில்லார்ட் தம் தாயாருக்கு இடம் கேட்டு வந்தார். அந்த அம்மாள் ஹாலோவிக்கில் பிறந்தவள். தன் பெற்றோருக்குப் பக்கத்தில் கிடக்க ஆசைப்பட்டவள். இல்லை என்று சொல்லித் திருப்பி அனுப்பினார்கள். அந்தச் சொல்லை வாய்விட்டுச் சொன்னவரும் ஜேபஸ்தான்.

"இப்ப அவர் படுத்திருந்த அறை..." என்று தொடங்கிய போதகர் முடிக்கவில்லை.

முடிக்க வேண்டிய தேவையும் இல்லை. டஃபின் வீடு ஓடையின் பழைய தடத்தின்மேல் கட்டப்பட்டது. ஓடை எக்காலத்திலோ வழிமாறித் தள்ளிப் போய்விட்டது. ஊரெல்லை மட்டும் வீட்டோடு தங்கிவிட்டது. ஆண்டுதோறும் மே மாதத்தில் ஒரே நாளில் இரண்டு ஊராரும் தோலுரித்த வில்லோ மரக் குச்சிகளோடு தத்தம் எல்லையைச் சுற்றி நடந்து, அடையாளமான இடங்களில் அடித்துவிட்டுப் போவார்கள். ஹாலோவிக்காரர்கள் வந்து முன்னறையின் சன்னலுக்குக் கீழே வெளிச்சுவரை அடிப்பார்கள்; அதாவது வீடு முழுவதும் எங்களுடையது. பிறகு நெதர்லிக்காரர்கள் வந்து, அதே சன்னல் வழியாக உள்ளே ஏறிக் குதித்து, முன்னறைக்கும் அடுக்களைக்கும் நடுவே நின்ற புகைபோக்கியை அடிப்பார்கள். அதாவது முன்னறை எங்களுடையது. ஜேபஸ் கைகளைக் கட்டிக்கொண்டு நடுவே நிற்பார்.

"சேத்துக்காலோட என் வீட்டுக்குள்ள ஏறாதே, கில்லார்ட்."

"உன் வீட்டுக்குள்ள எவன் ஏறினான்? நான் எங்க ஊருக்குள்ள நிக்கிறேன். நீதான் எங்க ஊருல நின்னுக்கிட்டுச் சத்தம் போடறே."

இது ஒவ்வோர் ஆண்டும் நடக்கும். ஹெஸ்டர் அன்று சுடும் திராட்சை பன்களை ஹாலோவிக்காரர்களுக்கே கொடுப்பாள். நெதர்லிக்காரர்கள் வருவதற்குள் தட்டு அலமாரிக்குள் போய்விடும். தேவாலயத்தில் தொங்கிய பழைய வரைபடமோ, சங்கடமாக, நெதர்லியின் பக்கமே பேசிற்று.

ஜேபஸும் ஹெஸ்டரும் மணமான நாள்முதல் உறங்கியது அடுக்களைக்கு மேலே இருந்த மாடி அறையில். அது ஐயத்திற்கிடமின்றி ஹாலோவிக். இலையுதிர் காலம் தொடங்கியபோது ஜேபஸால் படி ஏற இயலவில்லை. கட்டிலைக் கீழே இறக்கி முன்னறையில் போடச் சொன்னவள் ஹெஸ்டர். அந்தச் சன்னலிலிருந்து தேவாலயக் கோபுரம் தெரியும். வாழ்நாள் முழுவதும் அந்தக் கோபுரத்தின் மணிகளை அடித்தவர், கடைசி நாள்களில் அதைப் பார்த்துக்கொண்டாவது கிடக்கட்டும் என்று எண்ணினாள். இப்போது அந்த எண்ணமே அவரைத் தோட்டத்திற்கு வெளியே தள்ளிவிட்டது. தோட்டத்துக்குள்ளே, யூ மரத்தடியில், தொண்டையடைப்பான் நோயில் போன அவர்களுடைய ஒரே மகள் ஐவி கிடந்தாள். அவளருகே தாய் தகப்பனுக்கென்று விட்ட இடம் புல் மூடிக் காத்திருந்தது.

"எனக்கு மனசில்லாம இல்ல," என்றார் போதகர். இரண்டு ஊருக்கும் அவர் ஒருவரே போதகர். "ஆனா ஜேபஸுக்காக விதியை வளைச்சா, கில்லார்ட் முகத்துல நான் எப்படி முழிப்பேன்? அவரோட அம்மாவும் ஒரே ஒரு ஆசைதானே பட்டாங்க."

அதில் நியாயம் இருந்தது. ஆகையால்தான் ஹெஸ்டரால் அவரைக் கோபித்துக்கொள்ளவும் இயலவில்லை.

அவர் போனதும் பக்கத்து வீட்டு ஃப்ளோரி பக் ஒரு பாத்திரம் சூப்புடன் வந்தாள். அவள் நாக்கு கூர்மையானது, கை தாராளமானது.

"ஊரானுக்குன்னு பூட்டின கதவு, கடைசியில தன் தலையிலேயே இடிச்சிருக்கு பாரு," என்றாள். பிறகு குரலைத் தாழ்த்தி, "இங்க பாரு ஹெஸ்டர், ஆளைத் தூக்கி மாடியில படுக்க வெச்சிருவோம். அங்கதான் போனாருன்னு சொல்லிடலாம். யாருக்குத் தெரியப் போகுது?"

"ஊருக்கே தெரியும். கட்டிலைக் கீழே இறக்கினதே உன் புருஷன்தான். படியில இடிச்சு கட்டில் கால் ஒண்ணை உடைச்சதும் அவர்தான்."

"அந்த மனுஷன் கையில எது முழுசா இருந்திருக்கு," என்று ஃப்ளோரி பெருமூச்செறிந்தாள்.

சூப் ஆறிக்கொண்டிருந்தது. ஹெஸ்டர் முன்னறைக்குள் சென்று ஜேபஸின் பக்கத்தில் சிறிது நேரம் உட்கார்ந்திருந்தாள். விதிப்படி பார்த்தால் அவர் நெதர்லியில் இறந்தவர். அப்படியாயின் அவருக்கு இடம் தர வேண்டியவர்களும் நெதர்லிக்காரர்களே. ஐவியை விட்டு விலகிக் கிடப்பார்; ஆயினும் ஓடைக்கு அக்கரைதானே, கூப்பிடு தூரம். அவள் கறுப்புத் தொப்பியை அணிந்து, குடையை எடுத்துக்கொண்டு, மரப்பாலத்தைக் கடந்தாள்.

ஏமஸ் கில்லார்ட் தம் கொட்டகையில் ஆப்பிள் பிழியும் செக்கைக் கழுவிக்கொண்டிருந்தார். நெதர்லித் தேவாலயத்தின் காரியங்களைப் பார்ப்பவர் அவர். சிறு வயதில் ஹெஸ்டரும் அவரும் ஒரே பள்ளிக்கூடத்தில் படித்தவர்கள். அவளைக் கண்டதும் தொப்பியைக் கழற்றினார்.

"வா, ஹெஸ்டர். கேள்விப்பட்டேன். உட்காரு, அந்தப் பீப்பாய் காஞ்சுதான் இருக்கு."

"உட்கார வரலை, ஏமஸ். கேட்க வந்திருக்கேன்." வழியெல்லாம் கோத்துவைத்திருந்த சொற்களை ஒரே மூச்சில் சொன்னாள். "அவர் உங்க எல்லைக்குள்ள போனவர். உங்க தோட்டத்துல ஒரு மூலை கொடு. நல்ல இடமா இருக்கணும்னு இல்ல."

ஏமஸ் செக்கின் பலகையை ஒருமுறை, இன்னொருமுறை துடைத்தார்.

"கிடையாது," என்றார்.

ஹெஸ்டர் குடையை இறுகப் பற்றிக்கொண்டாள். "உன் அம்மாவை நெனச்சுச் சொல்றே."

"ஆமா. அம்மாவை நெனச்சுத்தான் சொல்றேன்."

"அப்ப நான் ஒண்ணும் பேசறதுக்கில்ல. உனக்கு அந்த உரிமை இருக்கு." அவள் திரும்பினாள்.

"நில்லு. நான் முடிக்கலை. எங்க ஊருல செத்தவனுக்குத்தான் எங்க ஊருல இடம். உன் புருஷன் எங்க ஊருல சாகலை. அந்த அறை எங்களுது இல்ல."

ஹெஸ்டர் அவரை ஏறிட்டு நோக்கினாள். "வருஷா வருஷம் ஜன்னல் ஏறி வந்து புகைபோக்கியை அடிச்சது யாரு?"

"தப்பா அடிச்சோம்."

"உன் அப்பா?"

"அவரும் தப்பா அடிச்சாரு. தாத்தாவும் அப்படித்தான். பிடிவாதக்கார வம்சம், உனக்குத் தெரியாததா." ஏமஸ் துணியைப் பிழிந்து ஆணியில் மாட்டினார். பிறகு அவளைப் பாராமல், கொட்டகையின் வாயிலுக்கு வெளியே நோக்கியபடி பேசினார். "அம்மாவை அடக்கம் பண்ணின அன்னிக்கு மழை. எங்க மணிதான் விரிசல் விட்டதாச்சே, அதை அடிச்சா அழறதா சிரிக்கிறதான்னு தெரியாது. வேணாம்னு விட்டுட்டோம். குழிக்குப் பக்கத்துல நிக்கிறேன், அக்கரையிலேருந்து உங்க பெரிய மணி அடிக்குது. வயசுக்கு ஒண்ணா, நிதானமா, ஒண்ணுகூட விடாம. அம்மா ஞானஸ்நானம் வாங்கின கோயிலோட மணி. இந்தப் பக்கத்துல அந்த மணியை அப்படி இழுக்கிற கை ஒண்ணுதான் இருந்துச்சு."

ஹெஸ்டருக்கு அந்த நாள் நினைவுக்கு வந்தது. மழையில் தெப்பமாக நனைந்து வந்த ஜேபஸ், யாருக்கு மணி என்று அவள் கேட்டதற்கு, "யாருக்குமில்ல. புதுக் கயிறு மாட்டியிருக்கு, இழுத்துப் பார்த்தேன்," என்றார். கயிறு பார்க்கிற நாளா இது என்று அவள் அவரைத் திட்டியபடியே காலுறைகளை அடுப்பருகே உலர்த்தினாள். கூட்டத்தில் அத்தனை உரக்கப் பேசியவர், வீட்டில் இதை மட்டும் வாய்திறந்து சொல்லவே இல்லை.

"அவன்கிட்ட ஒரு நன்றி சொல்லலை," என்றார் ஏமஸ். "சொல்லணும்னு ஒவ்வொரு மே மாசமும் நெனச்சுக்கிட்டே வருவேன். ஜன்னல்ல காலை வெச்சதும் சேத்துக்காலுன்னு ஆரம்பிச்சிருவான். நானும் ஆரம்பிச்சிருவேன். போ, ஹெஸ்டர். சாயந்திரத்துக்குள்ள வர்றோம்."

அன்று பிற்பகல், எவருக்கும் நினைவு தெரிந்த நாளாக நடந்திராத ஒன்று நடந்தது. மே மாதம் அல்லாத மாதத்தில், நவம்பர்க் குளிரில், இரண்டு ஊராரும் குச்சிகளோடு டஃபின் வீட்டை நோக்கி நடந்து வந்தார்கள். போதகர் பென்ரோஸ் சேற்றில் ஒரு காலணியை விட்டுவிட்டு அதைத் தேடிக்கொண்டே பின்னால் வந்தார். வரைபடம் ஒன்றைச் சொன்னாலும், இரண்டு ஊரும் ஒருமித்து ஓரிடத்தில் அடித்தால் அதையே எல்லையாகக் கொள்வதில் தமக்குத் தடையில்லை என்று அவர் சொல்லியிருந்தார். அதைச் சொன்னபோது அவர் முகம் தெளிந்ததைக் கண்ட ஃப்ளோரி, மனிதர் இரவு முழுவதும் இதற்குத்தான் மன்றாடியிருப்பார் என்றாள்.

ஹெஸ்டர் வெளியே வரவில்லை. முன்னறையில், தச்சர் கொண்டுவந்து வைத்த பெட்டியின் அருகே, அதன் விளிம்பில் கை வைத்தவளாய் நின்றாள். வெளியே காலடிகள் வந்து நின்றன. யாரோ இருமினார்கள்.

"ஹாலோவிக் முதல்ல அடிக்கட்டும்," என்றது ஏமஸின் குரல்.

"வேணாம், சேர்ந்தே அடிப்போம்," என்றார் ஃப்ளோரியின் கணவர். "உடையறதுக்கு இதுல ஒண்ணுமில்ல."

சன்னலுக்குக் கீழே வெளிச்சுவரில் குச்சிகள் பட்டன; யார் குச்சி எது என்று பிரித்தறிய இயலாதபடி ஒன்றாகவே பட்டன. அந்த ஓசை சுவரைக் கடந்து, தரையைக் கடந்து, அவள் கை வைத்திருந்த பலகைக்கும் வந்து சேர்ந்தது. இந்த அறையில் நெதர்லிக்காரர்களுக்கு ஜேபஸ் மறுமொழி சொல்லாத முதல் முறை அதுதான்.

"கேட்டீங்களா," என்று மெல்லச் சொன்னாள் ஹெஸ்டர். "வீடு முழுசும் நம்ம ஊராம்."

ஜேபஸ் யூ மரத்தடியில் ஐவியின் பக்கத்தில் அடக்கம் செய்யப்பட்டார். பெட்டி குழிக்குள் இறங்கிய வேளையில் அக்கரையிலிருந்து நெதர்லியின் விரிசல் மணி ஒலிக்கத் தொடங்கியது. ஓட்டைச் சட்டி என்று ஜேபஸ் ஆயுள் முழுவதும் எள்ளி நகையாடிய மணி. அது ணங்கென்றும் இல்லாமல் ணொங்கென்றும் இல்லாமல் விட்டுவிட்டு ஒலித்தது. ஹாலோவிக்கின் மணி அடிப்பவர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். ஒருவர் தொப்பிக்குள் முகத்தை மறைத்துக்கொண்டார். ஹெஸ்டர் அழுதுகொண்டே சிரித்துவிட்டாள். அதைவிட இனிய மணியைத் தான் கேட்டதில்லை என்று அவள் பின்னர் சொன்னபோது, அது வெறும் உபசாரச் சொல் அன்று.

அந்த விதியும் அந்தக் குளிர்காலத்திலேயே மாற்றப்பட்டது. தம் தாயாரின் உடலை இடம் மாற்ற வேண்டாம் என்று ஏமஸ் சொல்லிவிட்டார். ஆனால் அவளுடைய பெற்றோரின் கல்லில் அவள் பெயரையும் சேர்த்து வெட்டினார்கள். கூலியை ஹாலோவிக் மணிக்காரர்கள் ஏற்றுக்கொண்டார்கள்.

மே மாதம் வந்தது. ஹெஸ்டர் வழக்கத்தைவிடப் பெரிய பாத்திரத்தில் மாவு பிசைந்தாள். ஹாலோவிக்காரர்கள் வந்து சுவரை அடித்துவிட்டுப் பன்களோடு போனார்கள். பிறகு நெதர்லிக்காரர்கள் வந்தார்கள். அவர்களுள் ஒருவர், கால் பழகிய பழக்கத்தால், சன்னல் விளிம்பில் ஏறிவிட்டார்.

"இறங்குய்யா கீழே," என்று அவர் சட்டையைப் பிடித்து இழுத்தார் ஏமஸ். "அடுத்த ஊருக்குள்ள என்ன வேலை உனக்கு?"

சுவரை அடித்தார்கள். போகத் திரும்பினார்கள்.

"எங்க கிளம்பிட்டீங்க?" என்று சன்னலிலிருந்து கேட்டாள் ஹெஸ்டர். "உள்ள வாங்க. பன் ஆறுது."

அவர்கள் தயங்கி நின்றார்கள். ஏமஸ் சன்னலைப் பார்த்தார். பிறகு வீட்டின் இரு பக்கமும் பார்த்தார்.

"வர்றோம், ஹெஸ்டர்," என்றார், சற்றே வெட்கத்துடன். "இந்த வீட்டுக்கு வாசல் எந்தப் பக்கம்?"