சிவில் தென்னை

சம்பத் ஏணியைத் தென்னைமரத்தில் சாத்தியதும், வேலிக்கு அந்தப் பக்கமிருந்து ஒரு கை வந்து அதைத் தள்ளிவிட்டது.

“ஓல மேல கைய வெச்ச, அப்பால நடக்கறதே வேற!” அரிவாளோடு நின்றவர் கன்னியப்பன்.

வாசலில் பறையடிப்பவர்கள் வைக்கோலைக் கொளுத்தித் தோலைக் காய்ச்சிக்கொண்டிருந்தார்கள். கொள்ளுப்பேரனையும் பார்த்துவிட்டுப் போன சாவு என்பதால் வெள்ளானூரில் பாதிப் பேர் ஆடத் தயாராக வந்திருந்தார்கள். பாடைக்கு மூங்கில் கட்டியாயிற்று. பரப்பப் பச்சை ஓலைதான் பாக்கி.

தாட்சாயிணியின் அழுகை பாதியில் நின்றது. அவள் தகப்பன் அப்பாவு நேற்றுக் கஞ்சி குடித்துக்கொண்டே சொன்னார்: “என் பாடைக்கு அந்த மரத்து ஓலதான். வேற ஓல போட்டீங்க, எழுந்து ஒக்காந்துடுவேன்.” சொல்லிவிட்டுச் சிரித்தார். சிரித்த வாயோடு போய்ச் சேர்ந்தார்.

மரம் அப்பாவு, கன்னியப்பன் என்ற இரண்டு பங்காளிகளின் எல்லையில் நின்றது. இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் வந்த முள்வேலி, மரத்தடியில் மட்டும் மரியாதையாக நின்றுவிட்டது. யாருடைய மரம் என்பது கோர்ட்டில் இருந்தது. வழக்குப் போட்டபோது அது வக்கீலின் இடுப்பளவு. இப்போது வக்கீல் அண்ணாந்து பார்க்க வேண்டும். காய் விழும். “எவன்டா அது, என் காய் மேல கண்ண வெக்கிறவன்?” என்று அப்பாவு கத்துவார். கன்னியப்பன் பதிலுக்குக் கத்துவார். அதன்பிறகுதான் இருவருக்கும் பசியெடுக்கும்.

“கவலப்படாத தாச்சு, எஸ்.ஐ. நம்ம ஆளு,” என்றார் அவள் கணவர் சம்பத். அம்பத்தூர் எஸ்டேட்டில் டைம்கீப்பரான அவருக்கு, ஆவடி வரைக்கும் எல்லா எஸ்.ஐ.யும் ‘நம்ம ஆளு’தான். மாமனார் சாவுக்கும் சஃபாரி சூட்டுதான். ஸ்கூட்டரை உதைத்துக் கிளம்பினார்.

ஜீப் வந்தது. பறை நின்றது. ஒப்பாரி வைத்த பெண்கள் முகத்தைத் துடைத்துக்கொண்டு எட்டிப் பார்த்தார்கள். எஸ்.ஐ. கங்காதரன் கூலிங் கிளாஸோடு இறங்கி, லத்தியால் தொடையைத் தட்டியபடி நடந்து வந்தார்.

“சாருக்குச் சேர் போடு!” என்று சம்பத் கத்தினார். வீட்டிலிருந்த ஒரே கைவைத்த நாற்காலியில் அப்பாவு மாலையோடு உட்கார்ந்திருந்தார். எஸ்.ஐ. நின்றார்.

“மரம் யாருது?”

“என்னுது சார்,” என்றார்கள் கன்னியப்பனும் தாட்சாயிணியும்.

“கோர்ட்ல கீது சார்,” என்றாள் பக்கத்து வீட்டு முனியம்மா.

எஸ்.ஐ. கண்ணாடியைக் கழற்றினார். “அப்ப இது சிவில். போலீஸ் தலையிட முடியாது.”

“சார், நம்ம சைடு...” என்று குனிந்தார் சம்பத்.

“எந்த சைடும் கெடையாது. மண்ட ஒடஞ்சா வருவேன். மட்ட ஒடஞ்சா வர மாட்டேன்.”

தாட்சாயிணி மூக்கை உறிஞ்சினாள். “நாங்க ஓல வெட்டினா புடிப்பீங்களா சார்?”

“எப்பிடிம்மா? சிவிலாச்சே.”

“இவரு மறிச்சுகினு நின்னா?”

“அடிதடி இல்லாத வரைக்கும் அதுவும் சிவில்தான்.”

“அப்ப இன்னாத்துக்கு சார் ஜீப்பு எடுத்துகினு வந்தீங்க?” என்றாள் முனியம்மா.

எஸ்.ஐ. சுற்றிலும் பார்த்தார். தொப்பியைச் சரிசெய்து, நாற்காலியில் இருந்த அப்பாவுக்கு விறைப்பாக ஒரு சல்யூட் வைத்தார். அதை உத்தரவு என்று எடுத்துக்கொண்டு பறை வெளுத்து வாங்கியது.

தாட்சாயிணி புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு ஏணியை நிமிர்த்தி, முதல் படியில் ஏறினாள். “சித்தப்பா, போலீசு வராது. நானே ஏர்றேன். வெட்டறதுனா என்ன வெட்டு.”

கன்னியப்பன் அரிவாளைப் பார்த்தார். நாற்காலியைப் பார்த்தார்.

“எறங்குடி! என் மரம், என் ஓல. வெட்டறதுனா நான்தான் வெட்டுவேன்.”

“எங்க மரத்து ஓலய வெட்டித் தர்ற. கூலி ஓணுமா?”

“போடி!”

ஏணி முடிந்த இடத்திலிருந்து மரத்தைக் கட்டிக்கொண்டு ஏறினார். கீழே ஏணி ஆடியது. எஸ்.ஐ. லத்தியை அக்குளில் இடுக்கிக்கொண்டு இரண்டு கையாலும் அதைப் பிடித்துக்கொண்டார். ஓலைகள் சரசரவென்று விழுந்தன.

“போதும் சித்தப்பா!”

“இரு, இன்னும் ரெண்டு. உங்கப்பன் அகலம் ஜாஸ்தி.”

சுடுகாடு வரைக்கும் பாடைக்கு முன்னால் ஆடியவர்களில் கன்னியப்பன்தான் கடைசிவரை ஓயவில்லை. எஸ்.ஐ.யை வைத்து ஓலை வெட்டியதாகச் சம்பத் வழியெல்லாம் சொல்லிக்கொண்டு வந்தார்.

பால் தெளித்துவிட்டு வந்த மத்தியானம், காய் ஒன்று விழுந்தது. மரத்தடியில், நட்டநடுவில்.

வேலிக்கு மேல் கன்னியப்பனின் தலை தெரிந்தது. காயைப் பார்த்தார். இந்தப் பக்கத்து வாசலைப் பார்த்தார். தொண்டையைக் கனைத்தார். மறுபடியும் வாசலைப் பார்த்தார்.

தாட்சாயிணி சோற்றுத் தட்டைக் கீழே வைத்துவிட்டு எழுந்தாள்.

“எவன்டா அது, என் காய் மேல கண்ண வெக்கிறவன்?”

கன்னியப்பன் துண்டை உதறித் தோளில் போட்டு, வேட்டியை மடித்துக் கட்டினார். “யாரு ஊட்டு காயி? உங்கப்பன் ஊட்டு காயா?”

காய் சாயங்காலம் வரை அங்கேயே கிடந்தது.