அடுப்புக்குக் குடித்த பிறகு

அன்று மேஜையில் இருந்தவர்கள்: என் மனைவி ஹைகானுஷ், மகன் வர்த்கேஸ், தம்பி அர்ஷாக், எதிர்வீட்டு பர்கேவ், என் மகள் சாருகி. மேஜையின் தலைப்பக்கத்தில் கரேகினாகிய நான். எனக்கு எண்பது வயது நிறைந்த நாள். ஆறு பேர், ஆறு கோப்பை. இதைத் தெளிவாகச் சொல்லக் காரணம் உண்டு.

சாருகி முன்னதாகவே வந்து சமையலறையில் லவாஷ் ரொட்டியை மடித்துக்கொண்டிருந்தாள். நான் தண்ணீர் குடிக்கப் போனபோது கையைத் துடைத்துக்கொண்டு நிமிர்ந்தாள்.

"அப்பா, நாளைக்குச் சதுக்கத்துல கடைசித் தேர்தல் கூட்டம். என் பக்கத்துல வந்து நின்னாப் போதும். பேச வேண்டாம்."

"ஏன், உன் கட்சியில ஆள் இல்லையா?"

"சொந்த அப்பனே சேத்துக்காதவளுக்கு நாடாளுமன்றத்துல என்ன வேலைன்னு கேக்குறாங்க. அதுக்கு மட்டும் எங்கிட்ட பதில் இல்ல."

"மேஜையில சொல்றேன்," என்றேன்.

கோப்பையைப் பிடித்துச் சொன்ன சொல்லை எங்கள் ஆட்கள் திரும்ப வாங்குவதில்லை. அது அவளுக்கும் தெரியும். நாற்பத்தேழு வயதுப் பெண்ணின் முகம் சிறுபிள்ளையுடையதைப் போல மலர்ந்தது. பார்த்தேன். பார்த்த பிறகும் என் முடிவை மாற்றவில்லை.

எங்கள் குடும்பத்தில் சட்டம் படித்த முதல் ஆள் அவள். தலைநகர் யெரெவானிலிருந்து கறுப்பு அங்கியோடு திரும்பிய வருடம், இதே மேஜையில், மகன் பெயருக்கு முன்பாக அவள் பெயரைச் சொல்லிக் கோப்பையை உயர்த்தினேன். பெண்ணை முன்னால் வைத்தேன் என்று அர்ஷாக் ஒரு மாதம் என்னோடு பேசவில்லை. அப்படிப்பட்டவள், ஆறு வருடத்துக்கு முன் வர்த்கேஸின் மனைவி விவாகரத்துக் கேட்டபோது, சாட்சிக் கூண்டில் ஏறினாள். அந்தப் பெண்ணின் முதுகில் என் வீட்டுச் சமையலறையில் தான் கண்ட காயங்களை, இடம் சொல்லி, நிறம் சொல்லி, எங்கள் ஊர் வனாட்ஸோர் முழுக்கக் கேட்கும்படி சொன்னாள். பேரப்பிள்ளைகள் இருவரும் தாயோடு கியூம்ரிக்குப் போய்விட்டார்கள். அதன்பின் சுற்றுக் கிராமத்துப் பெண்கள் அவள் அலுவலக வாசலில் காத்து நின்றார்கள். கட்சி தேடி வந்தது. காயம் இருந்தது. நானும் பார்த்திருந்தேன். அது வீட்டுக்குள் இருந்த விஷயம்.

சுட்ட பன்றிக்கறி வந்தது. பர்கேவ் முசுக்கட்டைச் சாராயத்தை ஊற்றினார்.

"சாருகி, நீ ஜெயிச்சா நம்ம தெருக் குழாய்ல தண்ணி வருமா, இல்ல அதுக்கும் கேஸ் போடணுமா?"

"கேஸ் போட்டா பத்து வருஷம் மாமா. ஓட்டுப் போட்டா அஞ்சு."

எல்லோரும் சிரித்தார்கள். வர்த்கேஸ் மட்டும், "அக்கா முன்னால அளந்து ஊத்துங்க. எத்தனை கிளாஸ்னு சாட்சி சொல்லுவா," என்றான். சிரிப்பு நின்றது.

நான் எழுந்தேன். இறந்தவர்களுக்கு முதல் கோப்பை; யாரும் கோப்பையோடு கோப்பை மோதவில்லை. பின்பு ஹைகானுஷுக்கு, அர்ஷாக்குக்கு, பர்கேவுக்கு, வர்த்கேஸுக்கு. ஒவ்வொருவருக்கும் நிதானமாக, நல்ல வார்த்தைகளாகத் தேர்ந்து சொன்னேன். ஒவ்வொரு பெயருக்கும் சாருகி எழுந்து நின்று குடித்தாள். தன் முறைக்காகச் சட்டைக் கழுத்தைச் சரிசெய்துகொண்டாள்.

"இந்த வீட்டு அடுப்புக்கு," என்றேன்.

அடுப்புக்குக் குடித்தால் மேஜை முடிந்தது. அதற்கு மேல் எந்தப் பெயரும் கிடையாது. பர்கேவ் தட்டைப் பார்த்தார்.

"என்னங்க, இன்னும் ஒருத்தி..." என்றாள் ஹைகானுஷ்.

"அடுப்புக்குச் சொல்லியாச்சு."

சாருகியின் கோப்பை நெஞ்சளவில் நின்றது. அடுப்புக்காக அதைக் கடைசிச் சொட்டுவரை குடித்தாள். எல்லோரும் போனபின் ஆறு கோப்பைகளையும் கழுவித் துடைத்துக் கவிழ்த்து வைத்துவிட்டுப் போனாள்.

மறுநாள் சதுக்கத்தில் அவள் தனியாக நின்றாளாம். அப்பா எங்கே என்று கூட்டத்தில் ஒருவன் கத்தியதற்கு, "அவருக்கு வயசாயிடுச்சு. நேத்து மேஜையில என் பேரே அவருக்கு ஞாபகம் வரல," என்றாளாம். ஊரும் அதை நம்பிவிட்டது. பர்கேவின் மனைவி உலர்ந்த ஆப்ரிகாட் பழம் கொண்டுவந்து கொடுத்து, என்னிடம் உரக்க, ஒவ்வொரு சொல்லாக நிறுத்தி, இன்று என்ன கிழமை என்று கேட்கிறாள்.

வியாழக்கிழமை. நான் எதையும் மறக்கவில்லை.