மண்கூட்டின் பின்பக்கம்

"வாயாடி, இந்தக் கூட்டுல குடித்தனம் இருக்கா, இல்ல காலி வீடா?"

ஸ்டூல் மேல் நின்றபடி அக்காவின் கணவர் கேட்டார். நாலு வார்த்தை சேர்ந்தாற்போல் பேசாத மச்சினிக்கு அந்தப் பெயரை வைத்தவரும் அவர்தான். லாரி ஓட்டுபவர். விடுப்பில் வந்த இடத்தில் சும்மா இருக்க முடியாமல், வாசலுக்கு மேலே பழுதாகிக் கிடந்த விளக்கைக் கழற்ற ஏறியிருந்தார்.

பள்ளிக்கூடத்தை விட்டு நின்ற இரண்டு வருடத்தில் வீட்டுக் குளவிகள் எல்லாம் அவளுக்கு அத்துப்படி. ஒல்லி இடுப்புக் கறுப்புக் குளவி மண்ணைக் குழைத்துக் கூடு கட்டும். தனியாகத் திரியும், சீண்டாதவரை கொட்டாது. செங்குளவியின் கூடு காகிதம் போல் மெல்லியது, தலைகீழாகத் தொங்கும். கூட்டமே காவல் காக்கும். மண்கூட்டில் ஓட்டை விழுந்திருந்தால் உள்ளே வளர்ந்தது பறந்துவிட்டது என்று அர்த்தம்.

அண்ணாந்து பார்த்தாள். விளக்குக் கூண்டின் முகப்பில் மண்கூடு. மூன்று ஓட்டைகள். கூண்டின் பின்பக்கம் தெரியவில்லை. "இறங்குங்க மாமா, நான் ஏறிப் பாக்குறேன்" என்று சொல்லியிருக்கலாம். பக்கத்து வீட்டுக்காரர்கள் வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவர்கள் கண் முன்னால் ஸ்டூலில் ஏறுவதா?

"காலிதான் மாமா."

"வாயாடி சொல்லிட்டா அப்பீலே கிடையாது!" சிரித்தபடி கூண்டைப் பிடித்து இழுத்தார்.

பின்னாலிருந்து செங்குளவிகள் கொத்தாகக் கிளம்பின.

ஒரு கொட்டு மாமாவின் வலது கண்ணில் பட்டது. பதினோரு நாள் ஆஸ்பத்திரியில் கிடந்தும் பார்வை திரும்பாது என்று டாக்டர் கையை விரித்துவிட்டார். "ஒத்தக் கண்ணோட லாரிய எப்படிப்பா குடுக்குறது?" என்று முதலாளி போனிலேயே கதையை முடித்தார்.

மாமா ஒரு சொல் கடிந்துகொள்ளவில்லை. அதைத்தான் அவளால் தாங்க முடியவில்லை. "விடு வாயாடி, உன்ன முறைக்க இந்த ஒரு கண்ணு போதும்" என்றார். சிரிப்பு பாதியில் நின்றது. ஸ்டியரிங் பிடித்துக் காய்த்த கைகள் மடியில் வேலையற்றுக் கிடந்தன.

அம்மாதான் கேட்டாள். "தெரியலன்னு ஒரு வார்த்த சொல்லியிருக்கக் கூடாதாடி?"

மறுநாள் காலை அக்காவும் மாமாவும் ஊருக்குக் கிளம்பினார்கள். அவள் ஓடிப்போய் அக்காவின் பையைப் பற்றினாள்.

"அக்கா, நான் பின்பக்கம் பாக்கல. பாக்காமலே சொல்லிட்டேன்."

அக்கா அவள் விரல்களை ஒவ்வொன்றாகப் பையிலிருந்து விலக்கினாள். கணவரின் வலப்பக்கம் போய் நின்று, தோளைத் தொட்டுப் படி இறக்கி, அவரோடு தெருவில் நடந்தாள்.